இருண்ட குகைக்குள் வவ்வாலுக்குப் பொழுது சாய்ந்தது எப்படித் தெரிகிறது?

எங்கள் தெருமுனையில் ரொம்ப நாளாகப் பூட்டிக் கிடக்கும் ஒரு கடை இருக்கிறது. அதன் ஷட்டர் சுருளும் பெட்டிக்கும் சுவருக்கும் நடுவே ஓர் இடுக்கு, இரண்டு விரல்கூட நுழையாது. சாயங்காலம் வெளிச்சம் மங்கி, எதிரில் வருபவரின் முகம் மட்டும் இன்னும் அடையாளம் தெரிகிற அந்த நேரத்தில், அந்த இடுக்கிலிருந்து ஒரு சின்ன வவ்வால் கீழே விழுவதுபோல நழுவும், தரையைத் தொடுவதற்குள் இறக்கையை விரித்து மேலே ஏறிவிடும். கொஞ்ச நேரம் ஒன்றும் வராது. அப்புறம் ஒன்று, உடனே இரண்டு, பிறகு வரிசையாக. வாசல்படியில் உட்கார்ந்து பல நாள் எண்ணியிருக்கிறேன், இருபதைத் தாண்டியதில்லை. மார்கழியில் ஆறேகால் வாக்கில் கிளம்புகிறவை ஆனி மாதத்தில் ஏழு மணியை ஒட்டித்தான் கிளம்புகின்றன. அதாவது சூரியன் மறைவதோடு அவற்றின் நேரமும் நகர்கிறது.

ஷட்டர் இடுக்கில் இருப்பவற்றுக்கு இதில் சிரமம் இருக்காது, வெளிச்சம் கசிந்து உள்ளே வந்துகொண்டேதான் இருக்கும். ஆனால் மலைக்குகையின் உள் அறையிலும், கோயில் விமானத்தின் உட்கூட்டிலும் நடுப்பகலிலேயே கும்மிருட்டு. அங்கே தொங்கும் வவ்வால்களும் சரியாக அதே அந்திப்பொழுதில் வெளியே வருகின்றன. இந்தக் கேள்விக்கு மிக நல்ல பதில் கிடைத்தது மதுரைப் பக்கத்தில்தான். அதற்குப் போவதற்கு முன், எந்த வவ்வாலைப் பற்றிப் பேசுகிறோம் என்பதைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். வவ்வால் என்ற ஒரே பெயருக்குள் நாம் அடைத்து வைத்திருப்பது வாழ்க்கை முறையில் வெகுதூரம் விலகிப்போன உயிர்களை.

உலகத்தில் 1,400-க்கும் மேற்பட்ட வவ்வால் இனங்கள் இருக்கின்றன, பாலூட்டி இனங்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒன்று. ஆலமரத்திலும் புளியமரத்திலும் பகலெல்லாம் தொங்கிக்கொண்டு சண்டை போடும் பெரிய பழந்தின்னி வவ்வால் இறக்கையை விரித்தால் 1 மீட்டரைத் தாண்டும், எடை 1 கிலோவுக்கு மேலும் போகும். ஷட்டர் இடுக்கில் இருப்பதோ ஒரு நாணயத்தின் எடைதான். நம் பழைய சொற்களில் இந்தச் சின்ன வகைக்குத் துரிஞ்சில் என்று தனிப்பெயரே இருந்திருக்கிறது, பெரியதை வாவல் என்றார்கள். இந்த இரண்டு சொற்களும் புழக்கத்தில் நிலைத்திருந்தால் நிறையக் குழப்பம் வந்திருக்காது என்று எனக்குத் தோன்றும். ஏனென்றால் வவ்வாலுக்குக் கண் தெரியாது, காதால்தான் பார்க்கும் என்று பள்ளிக்கூடத்தில் படித்ததை நாம் எல்லா வவ்வாலுக்கும் சேர்த்தே ஒட்டிவிட்டோம்.

முதலில், கண் தெரியாத வவ்வால் என்று ஓர் இனமே கிடையாது. பூச்சி பிடிக்கும் சின்ன வவ்வால்களுக்கும் கண் வேலை செய்யும், வெளிச்சம் இருட்டு நன்றாகத் தெரியும், தூரத்து மலைவிளிம்பையோ மரவரிசையையோ வைத்து வழி கண்டுபிடிக்கப் பயன்படும். பழந்தின்னிகளின் கதையே வேறு. அவற்றின் முகத்தைப் பாருங்கள், நரிக்குட்டி போல நீண்ட மூக்கு, பெரிய வட்டக் கண்கள், அளவான காது. நிலா வெளிச்சமே அவற்றுக்குத் தாராளம். தொண்டையிலிருந்து மீயொலி, அதாவது நம் காதுக்கு எட்டாத உச்சச் சுருதி ஒலி, எழுப்பி எதிரொலி கேட்கும் வித்தை இவற்றுக்குக் கிடையாது. குகையிலும் பாழுங்கிணற்றிலும் தங்கும் ஒரு பழந்தின்னி வகை மட்டும் நாக்கைச் சொடுக்கிச் சொடுக்கி அந்த எதிரொலியில் இருட்டுக்குள் வழி பார்க்கிறது. மற்றவையெல்லாம் கண்ணையும் மூக்கையும் நம்பித்தான் பிழைக்கின்றன.

மூக்கு என்று சொன்னேன், அதைக் கொஞ்சம் பக்கத்தில் போய்ப் பார்க்கலாம். பாதாம் மரமே இல்லாத வீட்டு வாசலில் காலையில் நாலைந்து வாதாங்கொட்டைகள் கிடப்பதைப் பலர் பார்த்திருப்பீர்கள். கையில் எடுத்தால் ஒரு பக்கம் சதை சுரண்டப்பட்டு நார் நாராக நிற்கும், பல் பதிந்த தடம் தெளிவாக இருக்கும். பக்கத்திலேயே கட்டை விரல் நகம் அளவுக்கு, உள்ளங்கையில் வைத்து அழுத்தியதுபோல ஒரு சக்கை உருண்டை கிடக்கும். குட்டைமூக்குப் பழவவ்வால் செய்கிற வேலை இது. பழம் பழுத்த வாசனையைத் தூரத்திலேயே பிடித்து வந்து, மரத்தைச் சுற்றிப் பறந்து ஒன்றைக் கவ்வும், அங்கேயே உட்கார்ந்து தின்னாமல் வேறொரு மரத்துக்குத் தூக்கிக்கொண்டு போய்விடும். சதையை நாக்கால் மேலண்ணத்தோடு அழுத்திச் சாற்றை மட்டும் விழுங்கிவிட்டு நாரைத் துப்பும். பறப்பதற்கு எடை குறைவாக இருக்க வேண்டும், சக்கையைச் சுமக்கக் கட்டாது. விதை எங்கே விழுகிறதோ அங்கே ஒரு கன்று முளைக்கலாம்.

சங்கப் பாடல் ஒன்றில் ஒரு வாவல் வருகிறது. முள் போன்ற பல் உள்ள அந்த வாவல் ஊருக்குள் இருக்கும் மாமரத்தின் உயர்ந்த கிளையில் தொங்கித் தூங்குகிறது, தூக்கத்தில் தூரத்துக் காட்டு நெல்லிக்கனியின் புளிப்பைக் கனவு காண்கிறது. தலைவியின் ஏக்கத்துக்குச் சொன்ன உவமை அது. ஆனால் பகலில் ஊர் மரத்தில் தூங்கி இரவில் வெகுதூரம் போய்க் காட்டுப் பழம் தின்னும் உயிர் என்பதையும், அதன் உலகம் சுவையும் மணமும்தான் என்பதையும் எழுதியவர் கவனித்திருக்கிறார். அந்தக் கவனத்தை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் மலைப்பாக இருக்கிறது.

இந்தக் குட்டைமூக்கு வகையில் ஆண் வவ்வால் வீடு கட்டும் என்பது பலருக்குத் தெரியாது. 1990களில் பாளையங்கோட்டைப் பக்கம் ஆய்வாளர்கள் இதை இரவிரவாகக் காத்திருந்து பார்த்துப் பதிவு செய்தார்கள். நெட்டிலிங்க மரத்திலும், கட்டடங்களின் மேல் திரைபோலத் தொங்கும் ஒரு கொடியிலும், ஆண் வவ்வால் உள்ளே புகுந்து சிறு தண்டுகளையும் இலைக்காம்புகளையும் ஒவ்வொன்றாகக் கடித்து அறுத்து, நடுவில் மணியைக் கவிழ்த்தது போன்ற ஒரு குடைவை உண்டாக்குகிறது. கீழேயிருந்து நுழையலாம், மேலே மழை இறங்காது. வாரக்கணக்கில் தனியாளாக நடக்கும் வேலை. கட்டி முடித்த கூடாரத்துக்குப் பெண் வவ்வால்கள் வந்து தங்கும், குட்டிகளும் அங்கேயே வளரும், ஆண் அதைக் காவல் காக்கும். கல்லூரி வளாகங்களில் வரிசையாக நிற்கும் நெட்டிலிங்க மரங்களுக்குக் கீழே ஆளுக்கு ஆள் நடந்து போகிறோம், தலைக்கு மேல் இப்படி ஒரு குடித்தனம் நடக்கிறது. இலுப்பையும் இலவமும் இரவில் பூ விரித்து வவ்வாலுக்காகக் காத்திருக்கும் மரங்கள் என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அவற்றின் மகரந்தத்தை மரத்துக்கு மரம் கொண்டு போவதில் பழந்தின்னிகளுக்குப் பெரிய பங்கு.

சரி, துரிஞ்சிலுக்கு வருவோம். இத்தாலியில் பாவியா நகரத்தில் 1793 வாக்கில் ஸ்பல்லன்சானி என்ற விஞ்ஞானி, கண்ணைப் பறித்த வவ்வால்களை வெளியே விட்டார். இன்று படிக்கும்போது மனம் கனக்கிறது. ஆனால் அவற்றில் சில தங்கள் மணிக்கூண்டுக்கே திரும்பி வந்திருந்தன, வயிற்றில் பூச்சி நிறைந்திருந்தது. ஜெனீவாவில் ஜூரின் என்பவர் காதை அடைத்துப் பார்த்தார், வவ்வால்கள் எதிர்ப்பட்டதிலெல்லாம் முட்டிக்கொண்டன. ஆக, காதுதான் விஷயம் என்பது அப்போதே கையில் கிடைத்துவிட்டது. ஆனால் சத்தமே போடாமல் பறக்கிற ஒன்று காதால் எதைக் கேட்கும் என்று யாருக்கும் புரியவில்லை. விடை கிடைக்கக் கிட்டத்தட்ட ஒன்றரை நூற்றாண்டு ஆனது. 1938-ல் ஹார்வர்டில் மாணவராக இருந்த டொனால்ட் கிரிஃபின், மனிதக் காதுக்கு எட்டாத ஒலியைப் பிடிக்கும் கருவி ஒன்று இயற்பியல் பேராசிரியர் ஒருவரிடம் இருப்பதை அறிந்து, வவ்வால்களைக் கூண்டோடு அங்கே கொண்டு போனார். சத்தமே போடாது என்று நினைத்த உயிர் ஓயாமல் கத்திக்கொண்டிருந்தது. நமக்கு 20 கிலோஹெர்ட்ஸுக்கு மேல் கேட்காது, பெரும்பாலான பூச்சி வவ்வால்கள் கத்துவது அதற்கு மேலேதான்.

கத்துவது என்பதைச் சும்மா சொல்லவில்லை. திறந்தவெளியில் வேட்டையாடும் சில இனங்களின் குரல், வாய்க்குப் பக்கத்தில் அளந்தால் 120 டெசிபலைத் தாண்டும். நம் காதுக்கு எட்டியிருந்தால் அந்த ஷட்டருக்குக் கீழே சாயங்காலத்தில் நின்று பேசவே முடியாது. தன் குரலே தன் காதைக் கெடுத்துவிடாதா? கத்துகிற ஒவ்வொரு முறையும் நடுக்காதில் ஒரு சின்னத் தசை இறுகிக் கேட்கும் திறனைக் குறைத்து, எதிரொலி வருவதற்குள் தளர்ந்துவிடுகிறது. இதற்குக் கிடைக்கும் நேரம் எவ்வளவு என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒலி விநாடிக்கு ஏறக்குறைய 340 மீட்டர் போகும். 1.7 மீட்டர் தள்ளி இருக்கும் கொசுவில் பட்டுத் திரும்ப, போக வர 3.4 மீட்டர், அதாவது விநாடியில் நூறில் ஒரு பங்கு. கொசு 17 சென்டிமீட்டருக்குள் வந்துவிட்டால் ஆயிரத்தில் ஒரு பங்கு. அதனால் இரையை நெருங்க நெருங்கக் குரல்கள் குட்டையாகி, ஒன்றன்மேல் ஒன்றாக நெருக்கியடித்து, கடைசி நொடியில் விநாடிக்கு 150-க்கும் மேல் போய்விடும். அந்த வேகத்துக்கு இயங்கும் தொண்டைத் தசை பாலூட்டிகளில் மிக அபூர்வம்.

இதைத் தெரிந்துகொண்ட பிறகுதான், வீட்டுக்குள் தவறி நுழைந்த வவ்வால் ஏன் சுற்றிச் சுற்றி வருகிறது என்று எனக்குப் புரிந்தது. நம்மைத் தாக்க வருவதாக எண்ணிக் கூச்சல் போட்டு விளக்குமாற்றைத் தூக்குகிறோம். அது நாலு சுவரிலிருந்தும் எதிரொலி மோதும் ஒரு பெட்டிக்குள், வெளியே போகும் வெற்றிடம் எங்கே என்று தேடிக்கொண்டிருக்கிறது. ஃபேனை உடனே நிறுத்தி, ஜன்னல் முழுவதையும் திறந்துவிட்டு, விளக்கை அணைத்துவிட்டு அறையை விட்டு வெளியே வந்துவிடுங்கள், பெரும்பாலும் சில நிமிடத்தில் தானாகப் போய்விடும். தரையில் விழுந்து கிடந்தால் வெறுங்கையால் தொடாதீர்கள். கடித்துவிட்டால் உடனே சோப்புப் போட்டுக் கழுவிவிட்டு மருத்துவரிடம் போக வேண்டும்.

எல்லாச் சின்ன வவ்வாலும் ஒரே மாதிரி கத்துவதும் இல்லை. குதிரைலாட வவ்வால்கள் மூக்கு வழியாக ஒரே சுருதியை இழுத்துப் பிடிக்கும். லெவல் கிராசிங்கில் நிற்கும்போது ரயில் நம்மைத் தாண்டியதும் ஹாரனின் சுருதி சட்டென்று இறங்குமே, அதே விளைவு இந்த வவ்வாலின் எதிரொலிக்கும் உண்டு. முன்னால் பறக்கும்போது எதிரொலி சுருதி ஏறித்தான் வரும். அதைச் சரிக்கட்ட, எவ்வளவு ஏறுமோ அவ்வளவுக்குத் தன் குரலைத் தணித்துக் கத்துகிறது. அதன் காது ஒரு குறிப்பிட்ட சுருதியில்தான் மிகக் கூர்மை, எதிரொலி எப்போதும் அந்த இடத்தில் வந்து விழ வேண்டும். அப்படி விழுந்தால், இலைகளுக்கு நடுவே ஒரு அந்துப்பூச்சி இறக்கை அடிப்பதால் வரும் சின்னச் சின்ன நெளிவுகூடத் தனியாகத் தெரியும்.

இதற்கு நேர்மாறாக, கத்துவதைவிடக் கேட்பதிலேயே குறியாக இருக்கும் ஒரு வவ்வால் நம் ஊரில் உண்டு. பொய் ரத்தக்காட்டேரி என்று பெயர் வைத்து அதற்கு அநியாயம் செய்துவிட்டார்கள். அது ரத்தம் குடிப்பதில்லை. ரத்தம் குடிக்கும் வவ்வால்கள் உலகத்திலேயே மூன்று இனங்கள்தான், மூன்றும் மெக்சிகோவிலிருந்து தென் அமெரிக்கா வரை உள்ளவை. நம் ஊர்க்காரர் பெரிய காதுகளை விரித்துக்கொண்டு தரையை ஒட்டித் தாழப் பறந்து தவளை, பல்லி, எலி பிடிக்கிறார். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் ஜி. மாரிமுத்துவும் ஜெர்மனியைச் சேர்ந்த நாய்வைலரும் 1980களில் இதைச் சோதித்தார்கள். அசையாமல் உட்கார்ந்த தவளையை வவ்வால் கண்டுகொள்ளவே இல்லை, தவளை தாவித் தரையில் சத்தம் எழுந்தால் உடனே பாய்ந்தது. செத்த தவளையை நூலில் கட்டி இழுத்தாலும் பாய்ந்தது. தவளை உயிரோடு இருக்கிறதா என்பதைவிட, தரையில் சரசரப்பு இருக்கிறதா என்பதுதான் அதற்குக் கணக்கு.

இனி அந்தக் குகைக்கு வரலாம். அதே பல்கலைக்கழகத்தில் எம்.கே. சந்திரசேகரன் உயிர்க்கடிகாரம் பற்றி ஆய்வு செய்துகொண்டிருந்தார். உயிர்களின் உடலுக்குள் ஏறக்குறைய 24 மணி நேரச் சுழற்சி ஒன்று ஓடுகிறது, ஆனால் அது மிகச் சரியாக 24 இல்லை. பகலும் இரவும் தினமும் அதைத் திருத்தி வைக்கின்றன. வெளிச்சமே படாத இடத்தில் விட்டால் தினம் சில நிமிடங்கள் முன்னேயோ பின்னேயோ நழுவிக்கொண்டே போகும். மதுரைக்குப் பக்கத்துக் குகைகளில் கூட்டமாக வாழும் இலைமூக்கு வவ்வாலை வைத்து 1970களின் இறுதியில் அவரும் மாரிமுத்துவும் கூட்டாளிகளும் இதைப் பார்த்தார்கள். ஒரு வவ்வாலை மட்டும், அது எப்போது பறக்கிறது என்று பதிவு செய்யும் கூண்டில் விட்டு, குகையின் இருண்ட பகுதியில் வைத்தார்கள். சுற்றிலும் அதே இன வவ்வால்கள் சுதந்திரமாகத் தொங்கிக்கொண்டும் சாயங்காலம் போய் விடியலில் வந்துகொண்டும் இருந்தன. வெளிச்சத்தையே பார்க்காத கூண்டு வவ்வால், நாள் தவறாமல் 24 மணி நேரக் கணக்கில், மற்றவை கிளம்பும் நேரத்தில் தானும் சிறகடித்தது. வவ்வால் இல்லாத குகையில் தனியாக வைத்தபோது அதன் நேரம் நழுவத் தொடங்கியது.

அதாவது பொழுது சாய்ந்த செய்தி அதற்கு உறவுக்கூட்டத்திலிருந்து வந்துகொண்டிருந்தது. இதில் இன்னொரு நுணுக்கம் 1983-ல் வெளிவந்தது. வேறொரு குடும்பத்தைச் சேர்ந்த வவ்வாலைக் கூண்டில் விட்டு, இலைமூக்கு வவ்வால்களின் குகைக்குள் வைத்தார்கள். சுற்றி நூற்றுக்கணக்கில் போய் வந்தும் அதன் கடிகாரம் சரியாகவில்லை. தன் இனத்தின் அசைவும் குரலும்தான் அதற்குச் செய்தி, மற்றதெல்லாம் வெறும் இரைச்சல் போலிருக்கிறது.

கூட்டத்துக்கு எங்கிருந்து தெரிகிறது? மாலை நெருங்கியதும் சில வவ்வால்கள் குகை வாய் வரை பறந்து வந்து, வெளியே போகாமல் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டுத் திரும்ப உள்ளே போகும். கோயில் மண்டபங்களில் பொறுமையாக நின்றால் இதை யாரும் பார்க்கலாம். இன்னும் வெளிச்சம் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போகின்றன. பருந்தும் ஆந்தையும் காத்திருக்கும் உலகத்தில் சீக்கிரம் கிளம்புவது ஆபத்து. தாமதமாகக் கிளம்பினால் அந்திப்பொழுதில் கொசுவும் சிறு பூச்சிகளும் மொய்க்கும் அந்த நல்ல நேரம் கைநழுவிவிடும். இரண்டுக்கும் நடுவே இருப்பது சில நிமிடங்கள்தான்.

அந்தச் சில நிமிடங்களின் மதிப்பை, வவ்வாலின் குடும்ப வாழ்க்கையையும் சேர்த்துப் பார்த்தால்தான் உணர முடியும். இவ்வளவு சின்ன உடம்புள்ள எலி ஈற்றுக்கு ஏழெட்டுக் குட்டி போடும், ஓரிரு வருடத்தில் ஆயுள் முடியும். பெரும்பாலான வவ்வால்கள் ஈற்றுக்கு ஒரே குட்டிதான், ஆனால் வருடக்கணக்கில் வாழும். சைபீரியாவில் வளையம் மாட்டி விடப்பட்ட, 10 கிராம்கூட இல்லாத ஒரு வவ்வால் 41 வருடம் கழித்து மறுபடி பிடிபட்டது. தாய் இரை தேடப் போய்த் திரும்பி, ஒட்டிக்கொண்டு தொங்கும் குட்டிகளுக்கு நடுவே தன் குட்டியைக் குரலாலும் வாசனையாலும் கண்டுபிடித்துப் பால் கொடுக்கிறது. ஆகவே ஒரு கூட்டத்தை அழித்தால், எலி பெருகுவதுபோல அடுத்த வருடமே அது திரும்ப நிரம்பாது.

நிபா பற்றிக் கேட்பீர்கள். 2018-ல் கோழிக்கோடு பக்கம் அது பரவியதிலிருந்து பழந்தின்னி மரங்களை வெட்டச் சொல்லும் குரல் அடிக்கடி கேட்கிறது. அந்த வைரஸ் பழந்தின்னிகளிடம் இருப்பது உண்மை, அதனால் வவ்வால் கடித்த பழத்தைத் தின்னக் கூடாது, சின்ன வயதில் நாமெல்லாம் தின்றிருந்தாலும் இப்போது பிள்ளைகளுக்குக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். ஆனால் மரத்தை வெட்டினால் கூட்டம் கலைந்து, பசியோடும் மிரட்சியோடும் பல ஊர்களுக்குச் சிதறும், நமக்கும் அவற்றுக்குமான நெருக்கம் கூடத்தான் செய்யும். தமிழ்நாட்டில் ஊர் ஆலமரத்து வவ்வால்களுக்காகத் தீபாவளிக்கு வெடி வெடிக்காத ஊர்கள் இருக்கின்றன. 1972-ன் வனவிலங்குச் சட்டம் பழந்தின்னிகளைத் தொல்லை தரும் உயிர்களின் பட்டியலில் வைத்திருந்தது, 2022-ல் வந்த திருத்தத்தில்தான் அந்தப் பட்டியல் எடுக்கப்பட்டது. அந்த ஊர்க்காரர்கள் சட்டத்துக்குப் பல தலைமுறை முந்திவிட்டார்கள்.

எனக்கு இப்போது பெரிய கவலை விளக்கு. ஹங்கேரியில் 2007-ல் வெளியான ஓர் ஆய்வு, அலங்கார விளக்குப் போட்ட கட்டடங்களில் தங்கும் வவ்வால்கள் தாமதமாகக் கிளம்புவதையும், அங்கே பிறந்த குட்டிகள் இருட்டான கட்டடத்துக் குட்டிகளைவிடச் சிறுத்து வளர்வதையும் காட்டியது. எட்டிப் பார்க்கும் வவ்வாலுக்கு இன்னும் பகல் என்றே தெரிந்தால், உள்ளே தொங்கும் மொத்தக் கூட்டத்துக்கும் அதே செய்திதான் போகும். பூச்சி மொய்க்கும் நேரம் அதற்குள் முடிந்திருக்கும். எங்கள் தெருமுனையில் போன வருடம் ஷட்டருக்கு நேர் எதிரே புது எல்இடி விளக்கு வந்தது. அதற்கு அப்புறம் முதல் வவ்வால் வெளியே வருவதற்குள் முன்பைவிட நன்றாக இருட்டிவிடுகிறது. ஒரு நாள் பதினொன்று எண்ணினேன், மறுநாள் ஒன்பது. கோபுரத்துக்கும் விமானத்துக்கும் இரவு முழுக்க விளக்குப் போடும் ஊர்களில், வவ்வால் வெளியேறும் துளை எந்தப் பக்கம் இருக்கிறது என்று ஒரு சாயங்காலம் நின்று பார்த்துவிட்டு, அந்தப் பக்கத்து விளக்கை மட்டும் ஏழரை மணிக்கு மேல் போட்டாலே போதும்.